லைனிங் தெரிகிற ஊர்

துறைமுக நகரத்தில் ஒருவர் வீட்டுக்குப் போனால் முதலில் கோட்டைக் கழற்ற வேண்டும். கழற்றியதை, உட்புறம் வெளியே தெரியும்படி புரட்டி, வாசலை ஒட்டிய கொக்கியில் மாட்ட வேண்டும். கடல் நினைத்த நேரத்தில் மழையை அனுப்பும் ஊர் அது. நனைந்த வெளிப்புறம் அடுத்தவர் கோட்டில் உரசக் கூடாது என்ற மரியாதையில் தொடங்கிய வழக்கம், நாளடைவில் மரியாதையை நழுவவிட்டு அலங்காரத்தைப் பிடித்துக்கொண்டது. கொக்கியில் தொங்கும்போது எல்லார் கண்ணிலும் படுவது உள்ளே வைத்துத் தைக்கும் லைனிங் துணிதானே. ஆகவே அந்த ஊர்க் கோட்டுகள் வெளியே சாம்பல், கறுப்பு, மிஞ்சிப் போனால் கருநீலம். உள்ளேயோ மயில்கழுத்து நிறம், மாதுளை நிறம், கிளிகள், கொடிகள். வாசலில் தொங்குவதைப் பார்த்தே உள்ளே யார் யார் வந்திருக்கிறார்கள், அவர்களில் யாருக்குக் கை தாராளம், யாருக்கு ரசனை மட்டு என்று சொல்லிவிடுவார்கள்.

தலைநகரத்தில் கோட்டைக் கழற்றும் பேச்சே இல்லை. அங்கே பேச்சுகள் பெரும்பாலும் நின்றபடி நடந்து, நின்றபடியே முடிந்துவிடும். ஒருவர் வீட்டில் கோட்டைக் கழற்றினால், சாப்பாடு வரைக்கும் இருக்கப் போகிறார் என்று பொருள். வீட்டுக்காரரின் முகம் சற்று நீளும். தோள் எப்படி விழுகிறது, காலர் எப்படி நிற்கிறது, பட்டன் துளை எவ்வளவு ஒழுங்காகத் தைக்கப்பட்டிருக்கிறது என்பவற்றில் உயிரை விடுவார்கள். உள்ளே என்ன துணி இருக்கிறது என்பது கோட்டின் சொந்தக்காரருக்கே தெரியாது. மிச்சம் மீதி எதையாவது வைத்துத் தைத்திருப்பார்கள்.

இரண்டு ஊரிலும் ஒரே பெயர்ப் பலகையோடு இரண்டு துணிக்கடைகள் இருந்தன. அவற்றைத் தொடங்கிய அப்பா காலமான பின், தலைநகரக் கடையை அண்ணனும் அண்ணியும், துறைமுகக் கடையைத் தங்கையும் நடத்திவந்தார்கள். தங்கைக்கு வீட்டில் சின்னவள் என்ற பெயர் நின்றுவிட்டது. வயது நாற்பதைத் தாண்டி, கண்ணாடி போட்டு, அந்தக் கண்ணாடியையும் ஒருமுறை மாற்றிய பிறகும் அவள் சின்னவள்தான்.

அண்ணனுக்கு எதுவும் ஒன்றாக இருக்க வேண்டும். வீட்டுக் கதவுகளுக்கெல்லாம் ஒரே சாவி போட்டவர் அவர். அதனால் ஒரு சாவி தொலைந்தபோது எல்லாப் பூட்டையும் மாற்ற நேர்ந்தது, மாற்றியபோதும் ஒரே சாவிதான் போட்டார். ஒரு கடைக்கு இரண்டு ஊர்களில் இரண்டு பேர் தனித்தனியே துணி தேர்ந்தெடுப்பது அவர் கண்ணில் விழுந்த தூசியாக நெடுநாள் உறுத்திக்கொண்டிருந்தது. அடுத்த பருவத்திலிருந்து இரண்டு கடைக்கும் அண்ணியே தேர்ந்தெடுப்பாள் என்று ஒரு நாள் தொலைபேசியில் அறிவித்தார். சின்னவள் கடையை நடத்தலாம், ஆள் வைக்கலாம், ஆளை நிறுத்தலாம். எந்தத் துணி, எந்த நிறம், எந்த வெட்டு என்பவை மட்டும் தலைநகரத்திலிருந்து வரும்.

அந்த ‘மட்டும்’ அவளுடைய வாழ்வில் பாதிக்கு மேல் அடைத்துக்கொண்டிருந்தது. துறைமுக நகரத்துப் பாலத்தில் அவள் நடந்து போனால், எதிரே வரும் யாராவது நின்று, கோட்டின் ஒரு பக்கத்தை விரித்துக் காட்டி, இன்னும் சாயம் போகவில்லை என்று சொல்லிவிட்டுப் போவார்கள். பேர் தெரியாதவர்கள். அவள் எடுத்த துணி. அவள் சேர்த்த நிறம். கணவனும் பிள்ளையும் அமையாத வாழ்க்கையில் இந்த விரித்துக் காட்டல்கள் போதும் என்று அவள் எப்போதோ முடிவு செய்திருந்தாள். அதைத் தொலைபேசியில் சொல்ல முடியாது. ஆகவே அவள் சண்டை பிடித்தாள். தன் தேர்வு எந்த ஊர்த் தேர்வுக்கும் சளைத்ததில்லை, தலைநகரத்திலேயே விற்றுக் காட்ட முடியும் என்றாள்.

“வித்துக் காட்டு. வித்துட்டா உன் தேர்வை யாரும் தொட மாட்டாங்க. நான் சொன்னா சொன்னதுதான்” என்றார் அண்ணன்.

சரி என்றாள். கோபத்தில் சொன்ன சரிகளை யாரும் புரட்டிப் பார்ப்பதில்லை.

குளிர் தொடங்கும் பருவத்தில், துறைமுகக் கடையை மேற்பார்வைக்காரியிடம் ஒப்படைத்துவிட்டு, கோட்டுப் பெட்டிகளோடு அவள் தலைநகரம் வந்து சேர்ந்தாள். அண்ணி நிலையத்துக்கே வந்து அழைத்துப் போனாள். சாப்பாட்டில் குறையில்லை, உபசரிப்பில் குறையில்லை. கடைக்குள் நுழைந்ததும் மட்டும் இருவருக்கும் இடையே மேசை ஒன்று வந்துவிடும். அண்ணி தலைநகரத்தில் பிறந்தவள். அவள் தேர்ந்தெடுக்கும் துணிகள், அவளைப் போலவே, தூரத்திலிருந்து பார்த்தால் இருப்பதே தெரியாத நேர்த்தி கொண்டவை.

முதல் நாள் காட்சிச் சாளரத்தைச் சின்னவளே அலங்கரித்தாள். ஊரில் எப்படிச் செய்வாளோ அப்படியே: வரிசையாகக் கொக்கிகள், ஒவ்வொன்றிலும் ஒரு கோட்டு, ஒவ்வொரு கோட்டும் உட்புறம் வெளியாக. கிளிக் கூட்டத்துக்குப் பக்கத்தில் மாதுளை, அதற்கடுத்துக் கடல்நீலத்தில் வெள்ளை மீன்கள். எதிர்ச் சாரியிலிருந்து பார்த்துவிட்டுத் திருப்தியோடு திரும்பினாள். அண்ணி பார்த்தாள். கணக்குப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு மேசைக்குப் போனாள்.

முற்பகலில் பெரியவர் ஒருவர் உள்ளே வந்தார். தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு, சங்கடமான செய்தி கொண்டுவந்தவரைப் போல நின்றார்.

“தப்பா நினைக்காதீங்க. கோட்டெல்லாம் உள்பக்கம் வெளிய தெரியற மாதிரி மாட்டியிருக்கு.”

“வேணும்னுதாங்க மாட்டியிருக்கு.”

அவர் மறுபடி சாளரத்தைத் திரும்பிப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, “யாராவது கோவிச்சுக்கிட்டு, இப்படி மாட்டி வெச்சிட்டு வேலையை விட்டுப் போயிட்டாங்களா?” என்று கேட்டார்.

அவருக்குப் பின் மருந்துக்கடைக்காரர் வந்து அதையே சொன்னார். பள்ளிக்கூட ஆசிரியை ஒருத்தி வெளியே நின்று சாளரத்தைத் தட்டி, கையால் புரட்டும் சைகை காட்டினாள். அந்நியரிடம் வாய் திறக்காத ஊர், பொத்துக்கொண்டு திறந்தது. அண்ணி சிரிப்பை அடக்கிப் பார்த்து, முடியாமல் அலமாரிக்குப் பின்னால் போய்ச் சிரித்துவிட்டு வந்தாள்.

“இந்த ரோட்டுல இத்தனை வருஷமா கடை வெச்சிருக்கோம், பக்கத்துக் கடைக்காரர் ஒரு தடவை உள்ள வந்ததில்ல. உன் புண்ணியத்துல ஊரே வந்து எட்டிப் பாக்குது. வாங்கத்தான் மாட்டேங்குது.”

“வாங்குவாங்க அண்ணி. பாக்கவே இல்லேன்னாதான் கவலை.”

“எனக்கு ஒரு கவலையும் இல்லம்மா. உனக்காகத்தான் பாவம் பாக்கறேன்.”

பாவம் பார்க்கத் தகுந்த நிலைமைதான். உள்ளே வந்த ஓரிருவரையும் சின்னவள் தன் வாயால் துரத்தினாள். துறைமுக நகரத்துக் கடைகளில் நிலைக்கண்ணாடிக்கு முன்னால் நிற்கிறவருக்குக் கடைக்காரி ஒரு கருத்துச் சொல்வாள், அடுத்து நிற்கும் வாடிக்கையாளர் மறுப்பார், மழைக்கு ஒதுங்கியவர் தீர்ப்புச் சொல்வார். கோட்டு ஒருவர் தோளில் ஏறுவதற்குள் நாலு பேர் சம்மதம் வேண்டும். அந்தப் பழக்கத்தில், கண்ணாடி முன் நின்ற ஓர் இளம்பெண்ணிடம், அந்தச் சாம்பல் முகத்தை மங்கலாக்குகிறது, கருநீலம் எடுப்பாக இருக்கும் என்றாள். பெண் நன்றி சொன்னாள். கோட்டை மடித்து மேசையில் வைத்தாள். குடையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

“என்ன அண்ணி தப்பா சொன்னேன்?”

“தப்பா ஒண்ணும் சொல்லல. சொன்னதுதான் தப்பு.”

இப்படியே நாட்கள் போயின. சாளரத்துக் கிளிகள் யாருக்காகவும் பறக்கவில்லை. அண்ணன் வாரக் கடைசியில் வந்து, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, தொங்குகிற கோட்டுகளை ஒரு பார்வை பார்த்துவிட்டு, தங்கையின் முகத்தைப் பார்க்காமல் போவார். தன் கடை தன் கையை விட்டுப் போய்க்கொண்டிருக்கிறது என்பது சின்னவளுக்குப் புரிந்தது.

ஒரு மதியம், கடையில் ஈ காக்கை இல்லாத நேரத்தில், அண்ணி தானாகவே ஒரு கதை சொன்னாள். கல்யாணமான புதிதில் துறைமுக நகரத்து மாமியார் வீட்டுக்கு முதல் தடவை வந்தபோது நடந்தது. தலைநகரத்திலேயே பேர்பெற்ற தையற்காரர் தைத்த கோட்டைப் போட்டுக்கொண்டு, மிடுக்காக வாசலில் வந்து நின்றிருக்கிறாள். யாரோ ஒரு சித்தி அன்போடு அதைத் தோளிலிருந்து உருவி, புரட்டி, கொக்கியில் மாட்டிவிட்டாள். உள்ளே பழைய திரைச்சீலைத் துணி. ஒரு மூலையில் வளையம் கோத்த துளைகள் கூட அப்படியே இருந்தன. கூடத்தில் இருந்த அத்தனை பேரும் அதைப் பார்த்தார்கள்.

“எங்கம்மா ஏதாவது சொல்லிட்டாங்களா?” என்றாள் சின்னவள்.

“ஒருத்தரும் ஒண்ணும் சொல்லல. எப்பவும் ஓயாம பேசற குடும்பம், அன்னிக்கு மொத்தமா வாயை மூடிக்கிட்டு இருந்தீங்க பாரு, அதைத்தான் இன்னும் மறக்க முடியல.”

சின்னவளும் அன்று கூடத்தில் இருந்தவள்தான். திரைச்சீலையை நினைவிருந்தது. நினைவில்லை என்று சொன்னாள். அண்ணி அதை நம்பவில்லை. ஆனால் அன்றிலிருந்து கடைக்குள் இருந்த அந்த மேசை கொஞ்சம் சிறுத்தது.

மறுவாரம் நல்ல மழை. எதிரே இருந்த அரசாங்கக் கட்டடத்திலிருந்து உயரதிகாரி போலிருந்த ஓர் அம்மாள் முழுக்க நனைந்து உள்ளே வந்தாள். கூட்டத்துக்கு நேரமாகிறது, கறுப்பாக, உலர்ந்ததாக ஏதாவது ஒன்று வேண்டும் என்றாள். சின்னவள் வாயைத் திறப்பதற்குள் அண்ணி துறைமுகக் கோட்டில் ஒன்றை எடுத்து, அம்மாளின் தோளில் போட்டு, மேலிருந்து கீழ்வரை பட்டனையும் போட்டுவிட்டாள். அம்மாள் கண்ணாடியில் காலரைப் பார்த்துத் தலையசைத்தாள். பிறகு ஏதோ எடுப்பதற்காகக் கையை உள்பையில் விட்டவள் அப்படியே நின்றாள். பட்டின் வழுவழுப்பு விரலில் பட்டிருக்க வேண்டும். இரண்டு பட்டன்களை அவிழ்த்துக் குனிந்து பார்த்தாள். பச்சைக் கிளிகள் அவளைத் திரும்பிப் பார்த்தன. சட்டென்று மூடிக்கொண்டு கடையைச் சுற்றி ஒரு பார்வை விட்டாள்.

“இது வெளிய தெரியுமா?”

“நீங்க காட்டினாத்தான்” என்றாள் அண்ணி.

அம்மாள் மறுபடி பட்டனைப் போட்டுக்கொண்டாள். அவள் உதட்டோரத்தில் ஒன்று வந்து நின்றது. அதைச் சிரிப்பென்று நிரூபிக்க முடியாது. மழையில் நிமிர்ந்து நடந்து போனாள்.

இரண்டு நாள் கழித்து அதே கட்டடத்திலிருந்து இன்னொருத்தி வந்து, குரலைத் தாழ்த்தி, “அது மாதிரி” என்று ஆரம்பித்து மேலே சொல்லத் தெரியாமல் நின்றாள். அதற்கடுத்து ஒரு வழக்குரைஞர். பின், முன்பு குடையை எடுத்துக்கொண்டு போன அதே இளம்பெண். ஒவ்வொருவரும் தாம் மட்டுமே அறிந்த இரகசியத்தை வாங்கிப் போவதாக நினைத்தார்கள். எதிர்க் கட்டடத்தில் ஏதோ ஓர் அறையில், மேசையைச் சுற்றி, முகத்தில் சலனமில்லாமல் கறுப்புக் கோட்டுகள் உட்கார்ந்திருப்பதையும், அத்தனை கோட்டுக்குள்ளும் கிளிகள் இருப்பதையும், ஒருவருக்கும் மற்றவர் கிளி தெரியாதிருப்பதையும் சின்னவள் கற்பனை செய்து பார்த்தாள். வேடிக்கையாக இருந்தது. கொஞ்சம் வயிற்றெரிச்சலாகவும் இருந்தது.

அண்ணி சாளரத்தை மாற்ற அனுமதி கேட்டாள். கேட்ட பாணியில் அது அனுமதி கேட்பதுபோல இல்லை. கோட்டுகளையெல்லாம் நேராக்கி, பட்டன் போட்டு, ஒன்றின் கீழ்முனையை மட்டும் ஒரு விரல் அகலத்துக்கு மடித்து வைத்தாள். அந்த விரல் அகலத்தில் மாதுளை நிறம் தெரிந்தது. தெரிந்ததா, தோன்றியதா என்று கடந்து போகிறவர் ஒருமுறை திரும்பிப் பார்க்கும் அளவுக்கு. கூண்டுக்குத் துணி போர்த்துவதுபோல் இருந்தது சின்னவளுக்கு. ஆனால் பருவம் முடிவதற்குள் கொக்கிகள் காலியாகிவிட்டன. துறைமுகத்திலிருந்து வரவழைத்த இன்னும் ஒரு பெட்டியும் தீர்ந்தது.

கடை விடுமுறை நாளில் அண்ணன் வந்தார். பின்னறையில் மூவரும் தேநீரோடு உட்கார்ந்தார்கள். அவர் முகத்தில் மகிழ்ச்சி இருந்தது. தோற்றவர் முகமாக அது இல்லாதது சின்னவளை முதலில் கொஞ்சம் குழப்பியது.

“நான் பேச்சு மாற மாட்டேன். உன் தேர்வை யாரும் தொட மாட்டாங்க” என்றார். “இங்கயும் போகுது, அங்கயும் போகுது. இனிமே ரெண்டு கடைக்கும் உன் தேர்வுதான். ஆலைக்காரங்க, தையல் கூடம் எல்லாம் இந்த ஊர்ல இருக்கு. நீ இங்க வந்துடு. அந்தக் கடைய ஒரு மேனேஜர் போட்டுப் பாத்துக்கலாம்.”

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. ஒரே தேர்வு இரண்டு ஊருக்கும் போதும் என்பது அண்ணனின் கட்சி. தன் தேர்வு இரண்டு ஊரிலும் செல்லும் என்று நிரூபிக்க ஒரு பருவம் முழுவதும் பாடுபட்டது அவள். அவருடைய வழக்கை அவரைவிடத் திறமையாக வாதாடி, வென்றும் கொடுத்திருந்தாள். இனி அவள் எடுக்கும் ஒவ்வொரு துணியும் யாரோ ஒருவர் பட்டனுக்குப் பின்னால் போய்ப் பத்திரமாக மறைந்துகொள்ளும். துறைமுகப் பாலத்தில் யார் நின்று விரித்துக் காட்டினாலும் பார்க்க அவள் இருக்க மாட்டாள்.

அண்ணி எழுந்து அலமாரிப் பக்கம் போனாள். முதுகைக் காட்டி நின்று, ஏற்கெனவே மடித்திருந்த துணிகளை மறுபடி மடிக்கத் தொடங்கினாள். இந்தக் கடையில் துணி தேர்ந்தெடுத்தது இதுவரை அவள். அண்ணன் சொன்ன ஏற்பாட்டில் அவளுக்கு என்ன வேலை என்று அவரும் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை.

சின்னவள் மாட்டேன் என்று சொல்லலாம். சொன்னால் கொடுத்த வாக்குத் தீர்ந்துவிடும், இரண்டு கடைக்கும் அண்ணியே தேர்ந்தெடுக்கும் முதல் ஏற்பாடு திரும்பும். சரி என்றும் சொல்லலாம். கோப்பையைக் கீழே வைத்தாள்.

“அண்ணா, நான் இங்க ஒரு கோட்டுகூட விக்கல.”

“தன்னடக்கமாக்கும்.”

“அடக்கமெல்லாம் எனக்கு எந்தக் காலத்துலயும் வந்ததில்ல. வித்ததெல்லாம் அண்ணி.”

பிறகு அவள் நிதானமாக எடுத்துச் சொன்னாள். கூடத்தின் அந்தக் கோடியிலிருந்து பார்த்தாலும் தெரியவேண்டும் என்று அவள் எடுத்த துணிகள் அவை. அதனால்தான் அவ்வளவு பெரிய கிளிகள். இந்த ஊரில் அதையே கைக்கெட்டும் தூரத்தில், குனிந்து, தனியாகப் பார்க்கிறார்கள். ஒரே கோட்டுதான், அங்கே ஊருக்கு, இங்கே தனக்கு. அவள் இங்கே உட்கார்ந்து தேர்ந்தெடுத்தால் அடுத்த முறையும் பெரிய கிளிகளையே எடுப்பாள், அடுத்த முறை அவை புதிதாக இராது. இந்த ஊர்க்காரர் அடுத்து உள்ளே என்ன வைத்துக்கொள்ள ஆசைப்படுவார்கள் என்பது அண்ணிக்குத்தான் தெரியும். தனக்குத் தெரியாது.

சொல்லி முடிப்பதற்குள் அண்ணன் தன் வழியைக் கண்டுகொண்டார். “அப்ப சரி. அவளே ரெண்டுக்கும் பாக்கட்டும்.”

அலமாரியருகே துணி மடிப்பது நின்றது. சின்னவள் அண்ணியின் முதுகைப் பார்த்தாள். கடை இப்போது முழுக்க முழுக்க அண்ணியின் கையில் இருந்தது. அண்ணி ‘ம்’ என்றால் போதும்; அன்று திரைச்சீலையைப் பார்த்த அந்தக் கூடத்துக்கும் சேர்த்து அவளே துணி எடுக்கலாம்.

அண்ணி திரும்பினாள்.

“நான் பாத்தா அங்க கடையைச் சாத்திட வேண்டியதுதான். யார் கண்ணுலயும் படாத துணிதான் எனக்கு எடுக்கத் தெரியும். அதை வாங்கிட்டுப் போய் அந்த ஊர்க்காரங்க என்ன பண்ணுவாங்க?”

அண்ணன் மனைவியைப் பார்த்தார், தங்கையைப் பார்த்தார். “ரெண்டு பேரும் பேசி வெச்சுக்கிட்டீங்களா?”

“பேசி வெச்சிருந்தா இதைவிட நல்லா பேசியிருப்போம்” என்றாள் அண்ணி.

அவர் மேசையில் இருந்த மூன்று கோப்பைகளையும் ஒரே வரிசையில் நகர்த்தி வைத்தார். பிறகு, “சரி. அவங்கவங்க ஊருக்கு அவங்கவங்களே எடுங்க. இந்த வருஷம் மட்டும்” என்றார். குடியிருக்கும் வீட்டையும் அவர் அந்த வருஷம் மட்டும் என்றுதான் வாடகைக்கு எடுத்திருந்தார். அங்கேயே இரண்டு பிள்ளைகளும் வளர்ந்து வேலைக்கும் போய்விட்டார்கள். இனி சின்னவள் தன் பாலத்துக்குத் திரும்பலாம். அண்ணியைப் பார்க்கவேண்டும்போல் இருந்தது; பார்த்தால் ஏதாவது சொல்லவேண்டி வரும், இந்த ஊரில் அது வழக்கமில்லை என்று பார்க்காமல் இருந்தாள்.

அண்ணன் எழுந்து போகும்போது, முழுத் தோல்வியோடு போக மனமில்லாமல், நூலையாவது இரண்டு கடைக்கும் சேர்த்து வாங்கலாம் அல்லவா என்று கேட்டார். கறுப்பு நூல் எந்த ஊரிலும் கறுப்புத்தானே என்றார்.

“எந்தக் கறுப்பு?” என்றாள் அண்ணி.

சின்னவளும் அதையே கேட்க வாயெடுத்திருந்தாள். கேட்காமல், ஆறிப்போன தேநீரை எடுத்துக் குடித்தாள்.